‘ஊரிலை எவடம்?’

(நூற்றாண்டு விழா ஒன்றுகூடலில், 1981ஆம் ஆண்டு உயர்தர வகுப்பினர் சார்பில் வாசிக்கப்பட்ட உரை)



இந்த உரையை வாசிப்பவர் ஒருவர், எழுதியவர்கள் பலர். 1981இல் உயர்தரப் பரீட்சை எழுதிவிட்டு இந்தப் படலையால் வெளியே போன எங்களில் இருபத்திரண்டு பேர் இன்றும் ஒரு தொலைபேசிக் குழுவில் ஒன்றாக இருக்கிறோம். கொழும்பு, மட்டக்களப்பு, ஹட்டன், கிளிநொச்சி, புத்தளம், லண்டன், ரொறன்ரோ என்று ஆளுக்கொரு திசை. செயற்குழு எங்களுக்குத் தந்த தலைப்பு ‘பெண்களும் இன நல்லிணக்கமும்’. அதைக் குழுவில் போட்டதும் முதலில் வந்த பதில், கொட்டாவி விடும் முகப்படம் ஒன்று. அவரைக் குறை சொல்ல முடியாது. நல்லிணக்கம் பற்றி இந்த நாட்டில் நடந்த கருத்தரங்குகளின் எண்ணிக்கை பெரியது. மதியச் சாப்பாடும் பெரும்பாலும் நன்றாகவே இருக்கும்.

ஆகவே தலைப்பைச் சிறிதாக்கிக்கொண்டோம். எங்களுக்குள் ஒரே ஒரு கேள்வியைக் கேட்டோம். யாரோ ஒருவர் நல்ல எண்ணத்தோடு உங்களிடம் சொல்லி, அதைக் கேட்ட இரவு உங்களுக்கு நித்திரை வராமல் போன வசனம் ஏதாவது உண்டா? ஏச்சு வேண்டாம், சண்டை வேண்டாம், கலவரக் கதை வேண்டாம். அன்பாகச் சொல்லப்பட்ட வசனம் மட்டும். மூன்று கிழமைகளாகப் பதில்கள் வந்தபடி இருந்தன. அவற்றிலிருந்துதான் இந்த உரை.

முதலில் வந்தது கொழும்பில் வங்கியொன்றில் முப்பது வருடம் வேலை செய்த தோழியுடையது. பக்கத்து மேசையில் இருந்த சிங்களச் சகோதரி ஒருவர் வேலைக்குச் சேர்ந்த முதல் மாதமே சொன்னாராம்: “உங்களைப் பார்த்தால் தமிழ் ஆள் என்று சொல்லவே ஏலாது.” முகம் மலரச் சொல்லியிருக்கிறார். இவரும் சிரித்து, நன்றி சொல்லியிருக்கிறார். சொன்னபிறகுதான் எதற்கு நன்றி சொன்னேன் என்று யோசித்தாராம். இந்த மண்டபத்தில் இதைக் கேட்டுத் தலையாட்டுகிறவர்கள் பலர் இருக்கிறீர்கள். இது எங்களில் அநேகருக்குக் கிடைத்த பாராட்டு.

அந்தப் பாராட்டைக் கொஞ்சம் பிரித்துப் பார்ப்போம். தமிழ் ஆள் போல இல்லை என்று சொல்வதற்கு முதலில் தமிழ் ஆள் எப்படி இருப்பாள் என்று மனதில் ஒரு படம் இருக்கவேண்டும். கறுப்பு, தலை நிறைய எண்ணெய், பெரிய பொட்டு, உரத்த குரல். படம் அழகானது அல்ல என்பதும் அந்த வசனத்திலேயே இருக்கிறது. இல்லாவிட்டால் அதோடு பொருந்தாமல் இருப்பது எப்படிப் பாராட்டாகும்? உன் சனத்தைப் பற்றி நான் நினைப்பதை மாற்றிக்கொள்ள மாட்டேன், உன்னை மட்டும் அதிலிருந்து கழித்துவிடுகிறேன் என்பதே அதன் பொருள். அம்மா, அப்பா, சகோதரங்கள் எல்லோரையும் வெளியே நிறுத்திவிட்டு ஒருத்தியை மட்டும் உள்ளே கூப்பிடுவது போன்றது.

சொன்னவர் கெட்டவராக இருந்திருந்தால் விடயம் இலகுவாக முடிந்திருக்கும். அவர் மதியப் பார்சலைப் பாதி பகிர்ந்து சாப்பிட்டவர். எங்கள் தோழியின் தாயார் இறந்தபோது இரவு பஸ் ஏறி யாழ்ப்பாணம் வந்தவர். அவருக்குத் தெரிந்து, மனமறிந்து, எங்கள் தோழியை அவர் ஒருநாளும் நோகடிக்கவில்லை. மனமறியாமல் நடப்பதைப் பற்றித்தான் நாங்கள் பேச வந்திருக்கிறோம்.

எங்கள் பட்டியல் இந்த வகை வசனங்களோடு நின்றிருந்தால் இன்று பேசுவது சுலபம். எல்லோரும் சேர்ந்து பெரும்பான்மையைக் குறை சொல்லிவிட்டுத் தேநீர் குடிக்கப் போகலாம். ஆனால் அந்த வங்கித் தோழியின் வசனம் வந்து அரைமணித்தியாலத்துக்குள் ஹட்டன் தோழி ஒன்று அனுப்பினார். அதே வசனம். சொல்லுக்குச் சொல் அதே அமைப்பு. “உம்மைப் பாத்தா தோட்டத்துப் பிள்ளை மாதிரியே இல்லை.” இது அவருக்குச் சிங்களத்தில் சொல்லப்பட்டதல்ல. எங்கள் விடுதியில், எங்கள் தமிழில், வார இறுதியில் மகளைப் பார்க்க வந்த ஒரு தாயார் தன் மகளின் சிநேகிதிக்குச் சொன்னது. சொல்லிவிட்டுப் பனங்காய்ப் பணியாரமும் கொடுத்திருக்கிறார்.

அடுத்தது புத்தளத்திலிருந்து வந்தது. எங்கள் வகுப்பில் மூவர் சோனகதெருவிலிருந்து வந்து படித்தவர்கள். அவர்களில் ஒருவர் எழுதினார்: “நீங்கள் முஸ்லிமா? தமிழ் எவ்வளவு வடிவாக் கதைக்கிறீங்கள் எண்டு எத்தனை பேர் கேட்டிருப்பினம் எண்டு எண்ணி முடியாது.” அவர் வேறு எந்த மொழியில் கதைப்பார் என்று எதிர்பார்த்தார்கள்? தாலாட்டுக் கேட்டது தமிழில், கனவு காண்பது தமிழில். எங்களுக்குப் பின்னால் யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்துக்குப் போனவர்கள் கல்முனையைச் சேர்ந்த பேராசிரியர் எம். ஏ. நுஃமானிடம் படித்தார்கள். அவர் எழுதிய ‘அடிப்படைத் தமிழ் இலக்கணம்’ நூலைக் கையில் வைத்துக்கொண்டு மாணவருக்குத் தமிழ் கற்பிக்கும் ஆசிரியைகள் இந்தச் சபையிலும் இருப்பீர்கள். இலக்கணம் ஒரு முஸ்லிம் அறிஞரிடமிருந்து வரலாம். ஆனால் பஸ்ஸில் பக்கத்தில் இருக்கும் முஸ்லிம் பெண் நல்ல தமிழ் பேசினால் ஆச்சரியப்படுவோம். இரண்டும் ஒரே மண்டைக்குள் சண்டையில்லாமல் குடியிருக்கின்றன.

மட்டக்களப்புத் தோழி எழுதியது ஒரே வரி: “பாய்.” எங்களுக்கு விளக்கம் தேவைப்படவில்லை. மட்டக்களப்புக்குப் போனால் பாயோடை ஒட்ட வைச்சுப்போடுவாளவை என்ற பகிடியைக் கேட்காமல் யாழ்ப்பாணத்தில் வளர்ந்தவர் எவரும் இல்லை. அங்கே வேலைக்குப் போய் அங்கேயே கலியாணம் செய்து நல்லபடி வாழ்ந்த ஆண்களைப் பற்றி இங்குள்ள குடும்பங்கள் சொல்லிக்கொண்ட சமாதானம் அது. ஒரு பெண் படித்தவளாக, அன்பானவளாக, அழகானவளாக இருந்ததால் ஒருவன் அவளை விரும்பினான் என்று ஒப்புக்கொள்வதைவிட, மந்திரம் போட்டாள் என்பது சுகமாக இருந்திருக்கிறது. எங்கள் தோழி பட்டதாரி ஆசிரியையாக இருந்து ஓய்வுபெற்றவர். யாழ்ப்பாணத்தில் பயிற்சிப் பட்டறை என்று வரும்போதெல்லாம், முதல்நாள் தேநீர் இடைவேளைக்குள் யாராவது இந்தப் பகிடியை விட்டுவிடுவார்களாம். “சிரிக்காட்டி இவவுக்குப் பகிடி விளங்கேல்லை எண்டுவினம். சிரிச்சா, நான் என்ரை அம்மாவைப் பாத்துச் சிரிச்ச மாதிரி.”

இனி நாங்கள் தலைப்பாக வைத்த கேள்விக்கு வருகிறோம். “ஊரிலை எவடம்?”

இது கேட்கவே கூடாத கேள்வி என்று நாங்கள் சொல்ல வரவில்லை. இடம்பெயர்ந்து திரிந்த காலங்களில் எத்தனையோ பேர் இந்தக் கேள்வியால்தான் தங்கள் ஆட்களைக் கண்டுபிடித்தார்கள். அகதி முகாமில், கொழும்பு லொட்ஜில், பாரிஸ் நிலக்கீழ் ரயிலில், முன்பின் தெரியாத ஒருவர் ‘எவடம்’ என்று கேட்டதும் தொண்டை அடைத்தவர்கள் நாங்கள். ஆனால் அந்தக் கேள்வி ஒன்றாக வருவதில்லை, சங்கிலியாக வரும். ஊரைச் சொன்னால், ஊரில் எந்தப் பக்கம்? பக்கத்தைச் சொன்னால், எந்தக் கோயிலடி? கோயிலைச் சொன்னால், எந்த ஒழுங்கை? அவையளுக்கு நீங்கள் என்ன முறை? கடைசி வரைக்கும் சாதி என்ற சொல் வாயில் வராது. வரத் தேவையில்லை. கோயிலடியும் ஒழுங்கையும் அந்த வேலையைச் செய்து முடித்துவிடும். கேட்டவரிடம் போய், நீங்கள் சாதி விசாரித்தீர்கள் என்று சொன்னால் உண்மையிலேயே மனம் நொந்துபோவார். ஊர் விசாரித்தது ஒரு குற்றமா என்பார்.

எங்கே அன்பு முடிந்து எங்கே தரம்பிரிப்புத் தொடங்குகிறது என்பதற்கு எங்கள் வகுப்பில் ஒருவர் ஒரு சோதனை சொன்னார். பதில் வந்தபிறகு கேட்டவரின் குரல் மாறுகிறதா என்று கவனியுங்கள். கதிரையில் கொஞ்சம் முன்னுக்கு வந்து இருக்கிறாரா, பின்னுக்குச் சாய்கிறாரா. தேநீர் வருகிற கோப்பை மாறுகிறதா. பதில் எதுவாக இருந்தாலும் குரல் மாறாவிட்டால் அது நலம் விசாரிப்பு.

ரொறன்ரோவிலிருந்து எழுதியவர் எங்களை நன்றாகச் சிரிக்க வைத்தார். அங்கே அலுவலகத்தில் புதிதாக வந்த ஒருவர் அவரிடம், நீங்கள் உண்மையில் எந்த நாடு என்று கேட்டாராம். கனடா என்றாராம். இல்லை, உண்மையில்? அன்று மாலை அதைச் சொல்லிச் சொல்லிக் கொதித்திருக்கிறார். நாற்பது வருடம் அந்த நாட்டில் வரி கட்டியவர். அந்தச் சனிக்கிழமை ஸ்காபரோவில் ஒரு தமிழ்க் கலியாண வீடு. மேசையில் பக்கத்தில் இருந்த பெண்மணி இவரது மருமகளைப் பார்த்துக் கேட்ட முதல் கேள்வி, “பிள்ளை ஊரிலை எவடம்?” மருமகள் பிறந்தது ஒட்டாவாவில். ஒட்டாவா என்றாளாம். “இல்லை மேனே, உண்மையா?”

அந்த நாடுகளில் இதற்குப் பெயர் வைத்து ஆராய்கிறார்கள். அமெரிக்கக் கறுப்பின மனநல மருத்துவர் செஸ்டர் பியர்ஸ் 1970இல் இவ்வகைச் சிறு சிறு குத்தல்களுக்கு ‘மைக்ரோ அக்ரெஷன்’ என்று பெயரிட்டார். எமக்கு ஊசிக்குத்து என்ற சொல்லே போதும். ஒரு குத்து உடம்பை ஒன்றும் செய்யாது. நாளுக்கு நாலு, ஐம்பது வருடத்துக்கு என்று கணக்குப் பாருங்கள்.

இன்னொரு ஆய்வு எங்களுக்கு முக்கியமாகப் பட்டது. மரியான் பெர்ட்ரான், தமிழ்நாட்டில் பிறந்த செந்தில் முல்லைநாதன் ஆகிய இரு பொருளியலாளர்கள் பொஸ்ரனிலும் சிக்காகோவிலும் பத்திரிகை விளம்பரங்களுக்கு ஏறத்தாழ 5,000 கற்பனை விண்ணப்பங்களை அனுப்பினார்கள். தகைமைகளை ஒரே தரத்தில் வைத்துப் பெயரை மட்டும் மாற்றினார்கள். ஒரு பகுதிக்கு எமிலி, கிரெக் போன்று வெள்ளையர் வைக்கும் பெயர்கள். மறுபகுதிக்கு லக்கிஷா, ஜமால் போன்று கறுப்பினத்தவர் வைக்கும் பெயர்கள். 2004இல் முடிவை வெளியிட்டார்கள். வெள்ளையர் பெயருக்கு நேர்முக அழைப்பு ஏறக்குறைய 50 வீதம் அதிகமாக வந்திருந்தது. அந்தக் கந்தோர்களில் இருந்தவர்களைக் கேட்டால் எவரும் நான் நிறம் பார்க்கிறேன் என்று சொல்லியிருக்கமாட்டார்கள். பலர் உண்மையாகவே பார்ப்பதில்லை என்று நம்பியிருப்பார்கள். விண்ணப்பத்தைப் புரட்டும் விரல் மட்டும் ஓரிடத்தில் ஒரு கணம் நின்று, மற்றோரிடத்தில் நிற்காமல் போயிருக்கிறது.

அந்த ஒரு கணத்தை அளப்பதற்கும் 1998இல் ஒரு முறை கண்டுபிடித்தார்கள். கணினித் திரையில் முகங்களும் சொற்களும் மாறி மாறி வரும். ஒரு சுற்றில் வெள்ளை முகத்துக்கும் நல்ல சொல்லுக்கும் ஒரே விசை. அடுத்த சுற்றில் கறுப்பு முகத்துக்கும் நல்ல சொல்லுக்கும் ஒரே விசை. இரண்டாவது சுற்றில் விரல் எவ்வளவு தாமதிக்கிறது என்று பார்ப்பார்கள். இந்த ஆய்வுகளில் முன்னின்றவர்களில் ஒருவர் இந்தியாவின் செகந்தராபாத்தில் பிறந்த மஹ்சரின் பனாஜி என்ற பெண்மணி. ஒரு தனி ஆளின் புள்ளியை வைத்து அவர் நாளைக்கு எப்படி நடப்பார் என்று சொல்லலாமா என்பதில் அறிஞர்களிடையே கருத்து வேறுபாடு இருக்கிறது, அதையும் சொல்லிவிட வேண்டும். எங்கள் லண்டன் தோழி அலுவலகப் பயிற்சியில் இதைச் செய்து பார்த்துவிட்டுக் குழுவில் எழுதினார்: “இதிலை முகத்துக்குப் பதிலா ‘வண்ணார்பண்ணை’, ‘பொகவந்தலாவை’ எண்டு ஊர்ப்பெயர் போட்டால் எங்கடை விரல் எப்பிடிப் போகும்?”

பொகவந்தலாவை என்றவுடன் ஒன்று சொல்லவேண்டும். தோட்டக்காட்டார், வடக்கத்தியார் என்ற சொற்கள் இப்போது பொதுவில் குறைந்துவிட்டன. ஆனால் கொழும்பில் வீட்டு வேலைக்கு ஆள் தேடும்போது ‘ஒரு தோட்டத்துப் பிள்ளை இருந்தாச் சொல்லுங்கோ’ என்பது இன்னும் சர்வசாதாரணம். தொழிலின் பெயரும் ஒரு சமூகத்தின் பெயரும் ஒன்றாகிவிட்டதைச் சொல்கிறவரும் கவனிப்பதில்லை, கேட்கிறவரும் கவனிப்பதில்லை. எங்கள் ஹட்டன் தோழி கணக்காளர். கொழும்பில் ஒரு தொடர்மாடியில் சொந்தமாக வீடு வாங்கிக் குடிபுகுந்த கிழமை, மின்தூக்கியில் நின்ற தமிழ்ப் பெண்மணி அவரைக் கேட்டாராம்: “நீர் எந்த வீட்டிலை நிக்கிறீர்?”

1820களிலிருந்து கோப்பித் தோட்டங்களுக்காக மன்னார்க் கரையில் இறங்கிக் காட்டு வழியே மாத்தளை வரை நடந்த சனத்தின் பிள்ளைகள் அவர்கள். நடந்த வழியில் செத்தவர்களுக்குக் கணக்கு இல்லை. 1911 குடிசன மதிப்பீட்டில் அவர்களுக்கென்று ‘இந்தியத் தமிழர்’ என்று தனி நிரல் வந்தது. 1948இன் 18ஆம் இலக்கப் பிரஜாவுரிமைச் சட்டம் இலட்சக்கணக்கானோரை நாடற்றவராக்கியது. 1964 சிறிமா-சாஸ்திரி ஒப்பந்தம் 5,25,000 பேரை இந்தியாவுக்கு, 3,00,000 பேரை இலங்கைக்கு என்று பங்கிட்டது. எஞ்சியவர்களின் குடியுரிமை விடயம் 2003ஆம் ஆண்டுச் சட்டத்தோடுதான் தீர்வுக்கு வந்தது. தமிழரசுக் கட்சி 1949இல் பிறந்ததற்கே இந்தக் குடியுரிமைப் பறிப்பு ஒரு முதற்காரணம். வடக்கின் அரசியல் மேடை அவர்களுக்காகப் பேசியது. வடக்கின் விறாந்தை அந்த மேடையைக் கேட்கவில்லை போலும்.

எங்கள் வகுப்பில் எட்டாம் வகுப்பு வரை படித்த ஒருத்தி 1976இல் குடும்பத்தோடு தலைமன்னாரில் கப்பல் ஏறினாள். இப்போது நீலகிரியில் கோத்தகிரிப் பக்கம் இருக்கிறாள். அவளையும் தேடிப் பிடித்துக் குழுவில் சேர்த்திருக்கிறோம். அவள் குரல்பதிவு அனுப்பினாள்: “அங்க இருக்கப்போ இந்தியாக்காரி. இங்க வந்து ஐம்பது வருசமாப் போகுது, இன்னும் சிலோன்காரி.” புத்தளத்துத் தோழி அதைக் கேட்டுவிட்டு எழுதினார், தனக்கும் அதுவே என்று. 1990 ஒக்ரோபரில் விடுதலைப் புலிகள் வடக்கு முஸ்லிம்களை வெளியேற்றியபோது யாழ்ப்பாண நகரத்தவர்களுக்குக் கிடைத்த அவகாசம் இரண்டு மணித்தியாலம். புத்தளத்தில் பல வருடங்கள் அவர்களை அழைத்த பெயர் ‘அகதி’. போர் முடிந்து, சோனகதெருவில் இடிந்து கிடந்த வீட்டைப் பார்க்க வந்தபோது, பெரியகடையில் பழைய முகமொன்று அடையாளம் கண்டு அன்போடு கையைப் பிடித்ததாம். பிறகு கேட்டதாம்: “நீங்கள் இப்ப புத்தளம் ஆக்கள்தானே?”

இந்த வசனங்களைப் பட்டியலிட்டபோது எங்களுக்குள்ளேயே ஒரு மறுப்பு வந்தது. இந்த நாட்டில் ஆட்கள் எரிக்கப்பட்டார்கள், காணாமல் ஆக்கப்பட்டார்கள். நீங்கள் பாயையும் பனங்காய்ப் பணியாரத்தையும் பற்றிக் கதைக்கிறீர்களா என்று. நியாயமான மறுப்புத்தான். பெரிய அநியாயங்களை இந்தச் சிறிய வசனங்கள் உண்டாக்கின என்று நாங்கள் சொல்லமாட்டோம். அவற்றுக்குச் சட்டமும் ஆயுதமும் அதிகாரமும் தேவைப்பட்டன. ஆனால் ஒன்றை மறக்க முடியாது. 1958இலும் 1983இலும் காடையர்கள் பஸ்ஸை மறித்து, வாளிக்குரிய சிங்களச் சொல்லான ‘பால்திய’வைச் சொல்லிக் காட்டும்படி கேட்டார்கள். நாக்கு எங்கே பிறந்தது என்பதை அந்த முதல் எழுத்து காட்டிக்கொடுக்கும். அப்படியொரு காதை அவர்கள் அன்று காலையில் புதிதாக வாங்கி மாட்டிக்கொள்ளவில்லை. பேச்சைக் கேட்டு ஆளைத் தரம் பிரிக்கும் பழக்கம் சந்தையிலும் கந்தோரிலும் பகிடியாக ஏற்கெனவே இருந்தது.

அந்தப் பழக்கம் எங்கள் வகுப்பறைகளிலும் உண்டு. யாழ்ப்பாணத்துப் பிள்ளை ‘பேந்து’ என்றால் எவரும் திரும்பிப் பார்ப்பதில்லை. மட்டக்களப்புப் பிள்ளை அதே பொருளில் ‘மறுகா’ என்றால் வகுப்பு சிரிக்கும். பேச்சுப் போட்டிகளில் உச்சரிப்புக்கென்று தனிப் புள்ளி இருக்கிறது. ழகரம் சரியில்லாவிட்டால் குறைக்கட்டும், அது முறை. மலையகத்துப் பிள்ளையின் இழுவைக்கும் மூதூர்ப் பிள்ளையின் ஓசைக்கும் குறைத்தால் அது உச்சரிப்புக்குப் போட்ட புள்ளி அல்ல, ஊருக்குப் போட்ட புள்ளி. நடுவர்களாகப் போகும் தங்கைமார் இதைக் கவனத்தில் எடுக்கவேண்டும்.

இனி, நாங்கள் இங்கே வந்ததன் உண்மையான காரணம்.

1977 கலவரத்துக்குப் பின் மலையகத்திலிருந்து வன்னிக்கு வந்து குடியேறிய குடும்பங்கள் பல. அவர்களின் மூன்றாம் தலைமுறை இப்போது பாடசாலைகளில் இருக்கிறது. கிளிநொச்சியில் கற்பித்து ஓய்வுபெற்ற எங்கள் தோழி, சில வருடங்களுக்கு முன் ஒரு மாணவியை ஒரு நிதியத்தின் புலமைப்பரிசில் நேர்முகத்துக்குக் கூட்டிப் போனார். கதவு திறந்திருந்ததால் வெளியே இருந்த இவருக்கும் கேட்டது.

“சொந்த இடம்?”

“கிளிநொச்சி.”

“அது இப்ப. சொந்த இடம்?”

“நான் பிறந்ததும் அங்கதான்.”

“அப்பாவின்ரை ஊர்?”

“கிளிநொச்சி.”

“அதுக்கு முதல்?”

பிள்ளை கொஞ்சநேரம் பேசவில்லை. பிறகு, “அம்மப்பா பண்டாரவளைப் பக்கம் தோட்டத்தில இருந்தவர்.”

“ஆ.”

அந்த ‘ஆ’வுக்குப் பிறகு எல்லாரும் மிகவும் அன்பாக நடந்துகொண்டார்களாம். தண்ணீர் கொடுத்தார்கள். பாவம், இதுகளுக்குக் குடுக்கத்தானே வேணும் என்றார் ஒருவர். புலமைப்பரிசில் கிடைத்தது. பஸ்ஸில் திரும்பி வரும்போது பிள்ளை கேட்டாள்: “மிஸ், எனக்கு ஒன்பது ‘ஏ’ வந்ததப் பத்தி ஒருத்தரும் கேக்கலையே?” திறமைக்குக் கிடைக்கவேண்டியது அவளுக்குத் தருமமாகக் கிடைத்தது. காசு ஒன்றுதான், ஆனால் அதைக் கையில் வாங்கிய பிள்ளை வேறு ஒருத்தியாகத் திரும்பி வந்தாள் என்கிறார் எங்கள் தோழி.

எங்கள் சங்கமும் நூற்றாண்டை முன்னிட்டு ஆண்டுதோறும் பத்துப் பிள்ளைகளுக்குப் புலமைப்பரிசில் வழங்கத் தீர்மானித்திருக்கிறது. வடமாகாணத்தின் எந்தப் பாடசாலையிலிருந்தும் விண்ணப்பிக்கலாம். அதற்கான படிவத்தைச் செயலாளர் எங்களுக்கு அனுப்பிவைத்தார். அதில் ஏழாம் இலக்கம்: ‘தந்தையின் சொந்த ஊர் / தாயின் சொந்த ஊர்’. இது எங்கிருந்து வந்தது என்று மூத்த அக்காமாரிடம் விசாரித்தோம். பழைய விடுதி அனுமதிப் படிவத்திலிருந்து வந்ததாம். தவணை விடுமுறைக்குப் பிள்ளைகளை ரயில் ஏற்றிவிட, எந்த ஸ்ரேசனில் யார் வந்து கூட்டிப்போவார்கள் என்று விடுதிப் பொறுப்பாளருக்குத் தெரியவேண்டியிருந்தது. நல்ல காரணம். இப்போது விடுதியும் இல்லை, ஏற்றிவிடும் தேவையும் இல்லை. கேள்வி மட்டும் படிவம் விட்டுப் படிவம் தாவி இங்கே வந்து நிற்கிறது.

இந்த இலக்கத்தை எடுத்துவிடும்படி கேட்கிறோம். அந்த இடத்தில், தற்போது வசிக்கும் இடம், பாடசாலைக்கு வந்துபோக எடுக்கும் நேரம், வீட்டில் படிப்பதற்கு மின்சாரமும் மேசையும் உண்டா என்று கேட்கலாம். உதவி தேவையா என்பதைத் தீர்மானிக்க அவை பயன்படும்; பாட்டனார் எந்த ரயிலில் வந்து இறங்கினார் என்பது பயன்படாது. முதற்தெரிவின்போது பெயரையும் மறைத்து, தொடர் இலக்கத்தை மட்டும் வைத்துப் புள்ளியிடலாம். நேர்முகத்தில் எல்லாப் பிள்ளைகளிடமும் ஒரே கேள்விகளை ஒரே ஒழுங்கில் கேட்கவேண்டும். குழுவில் இருப்பவர்கள் தங்களுக்குள் கதைப்பதற்கு முன் தனித்தனியாகப் புள்ளியை எழுதிவைக்க வேண்டும். நல்ல மனம் படைத்தவர்களைத்தான் குழுவில் போடுவோம் என்று ஒரு அக்கா சொன்னார். எங்களுக்கும் அதில் சந்தேகமில்லை. அந்தப் பிள்ளைக்குத் தண்ணீர் கொடுத்தவர்களும் நல்ல மனம் படைத்தவர்களே.

ஊரைக் கேட்காவிட்டால் எங்கள் ஊர்ப் பிள்ளைக்கு உதவி போய்ச் சேருமா என்று வெளிநாட்டுக் கிளையிலிருந்து ஒரு கடிதம் வந்திருப்பதாகவும் அறிகிறோம். குறிப்பிட்ட ஊருக்கென்று பணம் தர விரும்புவோர் அந்த ஊர்ப் பாடசாலைக்கு நேரே அனுப்பலாம். அது நல்ல காரியம். இந்த நிதி கல்லூரியின் பெயரில் இருக்கிறது. ஹட்டனிலிருந்து வந்த பிள்ளையும் சோனகதெருவிலிருந்து வந்த பிள்ளையும் இந்தக் கல்லூரியின் சீருடை போட்டுத்தான் பரிசளிப்பு விழாவில் மேடையேறினார்கள். இந்த நிதிக்குப் பணம் தந்தவர்களின் பட்டியலிலும் அவர்களின் பெயர்கள் இருக்கின்றன.

திருத்திய படிவத்தின் மாதிரிப் பிரதிகள் வாசலில் உள்ள மேசையில் இருக்கின்றன. பிற்பகல் 2 மணிக்குப் பொதுக்கூட்டம். நிகழ்ச்சி நிரலில் இரண்டாவது விடயமாக இது எடுக்கப்படும். எங்கள் வகுப்பின் சார்பில் ஹட்டன் தோழி பிரேரிப்பார், புத்தளத்துத் தோழி ஆமோதிப்பார். சந்தா கட்டிய அங்கத்தவர்கள் எல்லோருக்கும் வாக்குண்டு. சாப்பாடு முடிந்தவுடன் பஸ்ஸுக்கு ஓடிவிடாமல் தயவுசெய்து இருந்து வாக்களியுங்கள்.